கேட்டார் என்பதற்குச் சாட்சி

லஞ்ச ஒழிப்பு போலீஸ் வந்துபோன அன்று சிவகிரி தாலுகா அலுவலகத்தைச் சுற்றியுள்ள டீக்கடைகளில் வேறு பேச்சு இருக்காது. யார், எந்தப் பிரிவு, எவ்வளவு, புகார் கொடுத்தது யார். மறுநாள் பேப்பரில் ‘கையும் களவுமாகச் சிக்கினார்’ என்று படத்தோடு செய்தி வரும். இரண்டு நாளில் பேச்சு ஓய்ந்துவிடும். பிடித்தாயிற்று, உள்ளே போயாயிற்று என்று ஊர் அடுத்த வேலையைப் பார்க்கும். அந்த வழக்கு என்ன ஆனது என்று ஐந்து வருஷம், பத்து வருஷம் கழித்து யாரும் விசாரிப்பதில்லை. விசாரித்தால் பல வழக்குகளில் வரும் பதில் நெஞ்சைச் சுடும்: விடுதலை. ஏன் அப்படி ஆகிறது என்று புரிந்துகொள்ள இந்தக் குறிப்புகள்.

*

சிவகிரியில் உரிமையியல், குற்றவியல் இரண்டையும் பார்க்கும் நீதிமன்றம் உண்டு. வரப்புத் தகராறு, பாகப்பிரிவினை, அடிதடி எல்லாம் அங்கே. லஞ்ச வழக்கு அங்கே போகாது. 1988-ஆம் ஆண்டின் ஊழல் தடுப்புச் சட்டப்படி சிறப்பு நீதிபதிதான் அதை விசாரிக்க முடியும். சிவகிரி இருக்கும் தென்காசி தனி மாவட்டமாகப் பிரிந்தது 2019 நவம்பரில். அதற்கு முன்பெல்லாம் இந்தப் பக்கத்து வழக்குகளுக்குத் திருநெல்வேலிதான். மேல்முறையீட்டுக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. ராயகிரியில் ஒரு பட்டா மாறுதலுக்காகப் புகார் கொடுத்தவர், சாட்சி சொல்ல விடிகாலை பஸ் ஏறிப் போய், மதியம் வரை வராந்தாவில் நின்று, ‘இன்னைக்கு வாய்தா’ என்று கேட்டுத் திரும்பி வர வேண்டும். ஒரு தடவையோடு முடிகிற காரியமும் அல்ல. ஒரு நாள் கூலி, பஸ் காசு, வெளிச் சாப்பாடு எல்லாம் அவருடைய நேர்மைக்கு அவரே கட்டும் அபராதம்.

*

பொறி வைப்பது எப்படி என்று எழுதி வைக்கிறேன், பின்னால் வருவதற்கு இது வேண்டும்.

புகார் எழுத்தில் வாங்கப்படும். முதல் தகவல் அறிக்கை பதிவாகும். வேறு துறைகளிலிருந்து இரண்டு அரசு ஊழியர்களைச் சாட்சிகளாக வரவழைப்பார்கள். புகார்தாரர் கொண்டுவந்த நோட்டுகளின் எண்களை ஒவ்வொன்றாகக் குறித்துக்கொள்வார்கள். நோட்டில் பினாப்தலின் பொடி தடவப்படும். வெள்ளைப் பொடி, கண்ணுக்குச் சட்டென்று தெரியாது. ஒரு சாட்சி அந்த நோட்டைத் தொட்டுவிட்டு சோடியம் கார்பனேட் கரைசலில் விரலை நனைப்பார். கரைசல் இளஞ்சிவப்பாக மாறும். இதையெல்லாம் ஒரு மகஜரில் எழுதி எல்லோரும் கையெழுத்திடுவார்கள். பிறகு அலுவலகத்துக்குப் போவார்கள். இரண்டு சாட்சிகளில் ஒருவர் புகார்தாரருடன் உள்ளே போக வேண்டும். அவர்தான் நிழல் சாட்சி. பேச்சைக் கேட்பதும் பணம் கைமாறுவதைப் பார்ப்பதும் அவர் வேலை. பணம் கைமாறியதும் புகார்தாரர் வெளியே வந்து துண்டை உதறுவதுபோல ஏதாவது சைகை காட்டுவார். போலீஸ் உள்ளே போகும். அலுவலரின் இரண்டு கைகளையும் தனித்தனிக் கரைசலில் நனைக்கச் சொல்வார்கள். நிறம் மாறிய கரைசல் பாட்டிலில் அடைபட்டு, சீல் வைக்கப்பட்டு, தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போகும்.

இந்தப் பொடி முறையை உச்ச நீதிமன்றமே ரக்பீர் சிங் வழக்கில் பரிந்துரைத்தது. வாய்ச் சாட்சியை மட்டும் நம்பியிராமல் இருக்க ரசாயனச் சோதனை உதவும் என்பது அதன் கருத்து. அதே தீர்ப்பு இன்னொன்றும் சொன்னது: உண்மையிலேயே சுதந்திரமான, மதிப்புள்ள சாட்சிகளைத் தேடிப் பிடியுங்கள். முதலாவதைப் போலீஸ் சிக்கெனப் பிடித்துக்கொண்டது. இரண்டாவதில் போதிய அக்கறை வந்திருந்தால் இந்தக் குறிப்புகளில் பாதியை எழுத வேண்டியிருக்காது.

*

சிவந்த கரைசல் எதை நிரூபிக்கிறது? இந்தக் கை அந்த நோட்டைத் தொட்டது. அவ்வளவுதான்.

ஏன் தொட்டது என்பதைப் பாட்டில் சொல்லாது. அலுவலர் கேட்டார், கேட்டு வாங்கினார் என்பதை அரசுத் தரப்புதான் காட்ட வேண்டும். ஆந்திராவில் பி. ஜெயராஜ் என்ற மண்டல வருவாய் அலுவலர் மீதான வழக்கு. ரேஷன் கடைக்காரரிடம் 250 ரூபாய் கேட்டதாகப் புகார். பணம் கைப்பற்றப்பட்டது. நீதிமன்றத்தில் கடைக்காரரே ‘அவர் கேட்கவில்லை’ என்று மாற்றிச் சொல்லிவிட்டார். கேட்டதற்கு வேறு ஆதாரம் இல்லை. 2014-இல் உச்ச நீதிமன்றம் விடுவித்தது. பணம் கிடைத்தது மட்டுமே குற்றத்தை நிலைநாட்டாது என்ற இந்த வரிசைத் தீர்ப்புகளைத்தான் இன்று எல்லா எதிர்த்தரப்பு வக்கீல்களும் கையில் வைத்திருக்கிறார்கள்.

கோபம் வருகிறது, வரட்டும். ஆனால் இந்த விதி சரியான விதி என்றே நினைக்கிறேன். ஓடைப் புறம்போக்கு ஆக்கிரமிப்பை அகற்ற நோட்டீஸ் கொடுத்த ஒரு கிராம நிர்வாக அலுவலரை நினைத்துப் பாருங்கள். அவர் மேஜை டிராயரில் ரசாயனம் தடவிய நோட்டைப் போட்டுவிட்டு வெளியே வந்து துண்டை உதற ஐந்து நிமிஷம் போதும். ‘கேட்டார்’ என்பதற்கு ஆதாரம் வேண்டும் என்ற விதி அந்த மனிதருக்கும் சேர்த்துத்தான் இருக்கிறது. நேர்மையாக வேலை பார்க்கும் ஊழியர்கள் இந்தத் தாலுகாவில் இருக்கிறார்கள். அவர்களுக்கு அந்தப் பாதுகாப்பு வேண்டும்.

ஆகவே குறை சொல்ல வேண்டிய இடம் விதி அல்ல. அந்த ‘கேட்டார்’ என்பதைப் பத்திரமாக நீதிமன்றம் வரை கொண்டுபோய்ச் சேர்க்கத் தெரியாத வேலைமுறைதான்.

*

எப்படிக் கேட்கிறார்கள் என்பதைக் கவனித்தால் சிக்கல் விளங்கும். யாரும் லஞ்சம் கொடு என்று சொல்வதில்லை.

‘பாத்துச் செய்யுங்க.’ ‘மேல ஆர்.ஐ. இருக்காரு, சர்வேயர் இருக்காரு, நான் ஒருத்தனா சாப்பிடுதேன்?’ ‘வெறுங்கையோட வந்தா எப்படிண்ணே ஃபைல் நகரும்?’ சிலர் வாயையே திறப்பதில்லை. கால்குலேட்டரில் எண்ணைத் தட்டிக் காட்டுவார்கள். சிலர் ஜெராக்ஸ் கடைக்காரரைக் கை காட்டுவார்கள், ‘அங்க பேசிக்கோங்க’. ‘நாளைக்கு வாங்க’ என்பதே பதினைந்து நாள் சொல்லப்பட்டால் அதுவும் கேட்பதுதான். கேட்பவருக்கும் கேட்கப்படுபவருக்கும் அர்த்தம் நூற்றுக்கு நூறு தெரியும். ஐந்தாறு வருஷம் கழித்து சாட்சிக் கூண்டில் நின்று அதைச் சொல்லும்போது குறுக்கு விசாரணையில் கேள்வி வரும்: ‘பார்த்துச் செய்யுங்கள் என்றால் விண்ணப்பத்தைச் சரிபார்த்துக் கொடுங்கள் என்றும் பொருள்படும் அல்லவா?’ ஆமாம் என்று சொல்லிவிட்டால் போச்சு.

அதனால்தான் புகார் மனுவில் அந்தப் பேச்சு எப்படி இருந்ததோ அப்படியே வர வேண்டும் என்கிறேன். ‘மேற்படி அலுவலர் கையூட்டாக ரூபாய் மூவாயிரம் கோரினார்’ என்று ஸ்டேஷன் தமிழில் எழுதிக் கையெழுத்து வாங்குகிறார்கள். அது புகார்தாரர் வாயில் வராத மொழி. கூண்டில் அவர் தன் மொழியில் சொல்வார். மனுவுக்கும் சாட்சியத்துக்கும் முரண் என்று எதிர்த்தரப்பு பிடித்துக்கொள்ளும். ‘மூவாயிரம் வேணும், ரெண்டைக் கொண்டா’ என்று அவர் சொன்னதை அவர் சொன்ன மாதிரியே எழுதினால் என்ன குறைந்துவிடும்?

*

ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்தில் பிரிவு 7-க்குக் கீழே சட்டமே ஓர் உதாரணம் தருகிறது. சாதாரண ரேஷன் கார்டு விண்ணப்பத்தை உரிய நேரத்தில் முடித்துக் கொடுக்க ஓர் அரசு ஊழியர் 5,000 ரூபாய் கேட்கிறார், அவர் குற்றவாளி. வேலையில் தப்பு எதுவும் செய்யவில்லையே, சட்டப்படி தர வேண்டியதைத்தானே தந்தேன் என்பது பதிலாகாது. பெற முயல்வதே குற்றம். மக்களுக்கு இந்த உதாரணம் தெரிய வேண்டும். ‘வேலை நியாயமா முடிஞ்சுதுல்ல, போகட்டும்’ என்று சொல்லிப் பழகிவிட்டோம்.

தண்டனை குறைந்தது மூன்று ஆண்டு, கூடியது ஏழு. அபராதமும் உண்டு.

*

நீரஜ் தத்தா வழக்கு. இதைக் கொஞ்சம் விரிவாக.

டெல்லி. 2000-ஆம் ஆண்டு. கடைக்கு மின் மீட்டர் வேண்டி ஒருவர் விண்ணப்பிக்கிறார். டெல்லி மின்வாரிய ஊழியர் 10,000 ரூபாய் கேட்டதாகப் புகார், பொறி, பணம் பிடிபட்டது. விசாரணையில் சாட்சி சொல்வதற்கு முன்பே புகார்தாரர் இறந்துபோனார். கீழ்நீதிமன்றம் தண்டித்தது, டெல்லி உயர் நீதிமன்றம் உறுதி செய்தது. உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோது ஒரு பெரிய கேள்வி எழுந்தது. புகார்தாரர் செத்துப்போனாலோ, பிறழ் சாட்சியானாலோ, லஞ்சம் கேட்டதை வேறு வழியில் நிரூபிக்க முடியுமா? முந்தைய தீர்ப்புகள் ஒன்றுக்கொன்று இடித்தன. 2015-இல் பி. சத்யநாராயண மூர்த்தி வழக்கில், புகார்தாரர் இறந்துவிட்ட நிலையில், மூன்று நீதிபதிகள் விடுதலை தந்திருந்தார்கள். அதற்கு முன் 2000-இல் நரசிங்க ராவ் வழக்கில், புகார்தாரர் பிறழ்ந்த பிறகும் சூழ்நிலையை வைத்துத் தண்டனையை உறுதி செய்திருந்தார்கள். அங்கே குற்றம்சாட்டப்பட்டவர் ஒரு பால் குளிரூட்டும் நிலையத்தின் மேலாளர், தொகை 500 ரூபாய், ‘பையில் திணித்துவிட்டார்கள்’ என்ற அவர் விளக்கம் எடுபடவில்லை.

ஐந்து நீதிபதிகள் அமர்வு 2022 டிசம்பர் 15-இல் தீர்ப்பளித்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி பி.வி. நாகரத்னா. கேட்டதும் வாங்கியதும் நிரூபணமாக வேண்டும், அதில் விட்டுக்கொடுப்பு இல்லை. ஆனால் புகார்தாரர் வாய் ஒன்றுதான் வழி என்பதில்லை. இன்னொரு சாட்சி, ஆவணம், சூழ்நிலை ஆதாரம் எதைக் கொண்டும் காட்டலாம். புகார்தாரர் இறந்ததாலோ மாறியதாலோ வழக்கு தானாகச் சாகாது. அடிப்படை உண்மைகள் நிரூபணமான பிறகு பிரிவு 20-இன்படி, வாங்கியது லஞ்சம்தான் என்று நீதிமன்றம் அனுமானித்தே தீர வேண்டும். மறுக்கும் பொறுப்பு அலுவலருடையது.

ஊழலை எதிர்ப்பவர்கள் கொண்டாடினார்கள். நியாயம்தான். மூன்று மாதம் கழித்து, 2023 மார்ச்சில், அதே நீரஜ் தத்தாவின் மேல்முறையீடு இரண்டு நீதிபதிகள் முன் வந்தது. நீதிபதிகள் அபய் எஸ். ஓகா, ராஜேஷ் பிந்தல். புதிய அளவுகோலைக் கொண்டே பார்த்தார்கள். புகார்தாரர் இல்லை, நிழல் சாட்சி சொன்னதிலிருந்து, கேட்கப்பட்டது லஞ்சமாகத்தான் என்று முடிவுக்கு வர முடியவில்லை. விடுதலை. பணம் பிடிபட்டு 23 ஆண்டுகள்.

விதியைத் தளர்த்தியும் இந்த முடிவு என்றால், பிடிபடும் நாளுக்கும் சாட்சி சொல்லும் நாளுக்கும் நடுவில் கிடக்கும் அந்த இடைவெளியைப் பற்றித்தான் பேச வேண்டியிருக்கிறது.

*

சிவகிரியின் பெயர் சட்டப் புத்தகங்களில் முன்பே உண்டு. 1882-இல் லண்டன் பிரிவி கவுன்சில் வரை போன சிவகிரி ஜமீன் வழக்கு. தகப்பன் பட்ட கடனுக்கு மகன் கைக்கு வந்த பூர்வீகச் சொத்து பொறுப்பா என்பது கேள்வி. பொறுப்பு என்று முடிந்தது. கடல் தாண்டிப் போய் வாதாட முடிந்தது, ஏனென்றால் கடனுக்கு ஏடு உண்டு, பத்திரம் உண்டு, ஆதாரம் ஆள் செத்த பிறகும் பேசும். பெரிய மனிதர்கள் மீதான சொத்துக்குவிப்பு வழக்குகளும் அந்த ஜாதிதான். ஜெயலலிதா வழக்கில் 1996-க்கு முந்திய சொத்துகளுக்கு 2014-இல் தண்டனை, 2015-இல் விடுதலை, 2017 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் கீழ்நீதிமன்றத் தீர்ப்பை மீட்டது. இருபது வருஷம் இழுத்தும் நின்றது, பத்திரப்பதிவும் வங்கிக் கணக்கும் அழியாமல் இருந்ததால். 2,000 ரூபாய் பட்டா லஞ்சத்துக்குப் பத்திரம் இல்லை. ஒரு விவசாயியின் ஞாபகமும் மன உறுதியும் மட்டுமே.

*

ஏன் பிறழ்கிறார்கள்?

விலைக்கு வாங்கிவிட்டார்கள் என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். சில இடங்களில் அது உண்மை. ஆனால் புகார்தாரர் அதே ஊரில் இருக்கிறார். பட்டாவோடு அலுவலக உறவு முடிவதில்லை. மகளுக்குச் சாதிச் சான்று, வருமானச் சான்று. அப்பா இறந்தால் வாரிசுச் சான்று. எலுமிச்சைத் தோட்டத்துக்கு மின் இணைப்பு. வெள்ளத்தில் நெல் போனால் நிவாரணப் பட்டியல். புதிதாக வந்திருக்கும் அலுவலர் அவரை ஒரு மாதிரி பார்க்கிறார். ‘இவரு போலீஸ்காரரைக் கூட்டிட்டு வர்றவரு, ரூல்படியே செய்வோம்’ என்று அவருடைய மனுவில் மட்டும் ஒன்பது குறை கண்டுபிடிக்கப்படுகிறது. அதற்கு மேல் சொந்தபந்தம். ‘அவன் புள்ளகுட்டிக்காரன், சஸ்பெண்டுலயே செத்துட்டான், போதும் மாப்ளே.’ சொல்பவர் தாய்மாமனாக இருப்பார். எட்டாவது வருஷம், மூன்றாவது வாய்தாவில், ‘எனக்குச் சரியா ஞாபகம் இல்லீங்க’ என்று அவர் சொல்லும்போது அவரைத் திட்ட எனக்கு மனம் வரவில்லை. அவரைத் தனியாக விட்டது யார் என்ற கேள்விதான் வருகிறது.

மாஜிஸ்திரேட் முன் முன்கூட்டியே வாக்குமூலம் வாங்கி வைக்கிறார்கள். நல்லது. ஆனால் அது அவர் சாட்சியத்தை உறுதிப்படுத்தவோ முரண் காட்டவோ மட்டும்தான் பயன்படும். அதுவே தனித்து நிற்கும் சாட்சியம் ஆகாது.

பிறழ்ந்தும் வழக்கு நின்றதுண்டு. ஹசாரி லால் வழக்கு, 1980. டெல்லிப் போலீஸ்காரர். புகார்தாரர் மாறிவிட்டார். ஆனால் பிடிக்க வந்ததும் போலீஸ்காரர் நோட்டுகளைச் சுவருக்கு அப்பால் எறிந்தார். குற்றமற்றவர் ஏன் எறிய வேண்டும்? நீதிபதி சின்னப்ப ரெட்டி அமர்வு தண்டனையை உறுதி செய்தது. எல்லோரும் சுவருக்கு அப்பால் எறிவதில்லை என்பதுதான் சங்கடம்.

*

நிழல் சாட்சி பற்றி ஒன்று. தெலங்கானா வணிகவரி அலுவலர் கே. சாந்தம்மா வழக்கு, 2022. கூடவே உள்ளே போக வேண்டும் என்று நிழல் சாட்சிக்குச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். அவர் வெளியிலேயே நின்றுவிட்டார், புகார்தாரர் தனியாக உள்ளே போனார். அறைக்குள் என்ன பேசினார்கள் என்பதற்கு இரண்டாவது காது இல்லை. விடுதலை. அவ்வளவு ஏற்பாட்டையும் ஒரு கதவு முடித்துவிட்டது.

புகார்தாரர் சொல்லைத் துணை ஆதாரம் இல்லாமல் நம்பக் கூடாது என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. ‘யாரையாவது கூட அனுப்பு’ என்று வேறு துறையிலிருந்து கிடைத்தவரை இழுத்து வருவது பயன்படாது. அவருக்கு இது எதற்கு என்று உட்காரவைத்து விளக்க வேண்டும்.

*

போனில் பதிவு செய்கிறார்களே? செய்யலாம், செய்ய வேண்டும். கேட்ட பேச்சு கேட்டவர் குரலிலேயே இருப்பதற்கு மேல் என்ன ஆதாரம். ஆனால் 2014-இல் அன்வர் வழக்குக்குப் பிறகு, மின்னணுப் பதிவின் நகலுக்குச் சட்டம் சொல்லும் சான்று வேண்டும்; இல்லாவிட்டால் அதைத் தொடமாட்டார்கள். 2020-இல் இதை இன்னொரு தடவை உறுதி செய்தார்கள். 2024 ஜூலையில் வந்த புதிய சாட்சியச் சட்டத்திலும் சான்று உண்டு. குரல் மாதிரி எடுத்து ஒப்பிட வேண்டும். பேசிய போனை அப்படியே ஒப்படைக்க வேண்டும். வாட்ஸ்அப்பில் அண்ணனுக்கு அனுப்பி, அவரிடமிருந்து வாங்கி, சி.டி.யில் போட்டுக் கொடுப்பது வழக்கைக் கெடுக்கும்.

*

வேறு ஓட்டைகள், விரைவாக. ‘கடனைத் திருப்பிக் கொடுத்தார்.’ ‘கொடிநாள் வசூல்.’ அலுவலர் சொல்லும் இந்த விளக்கங்களைச் சந்தேகமறக் காட்ட வேண்டியதில்லை. நம்பத்தக்கதாக இருந்தால் போதும். பொறி வைத்த நாளுக்கு முன்பே ஃபைல் கையெழுத்தாகி மேலே போயிருந்தால் ‘கேட்க எனக்கு என்ன இருக்கிறது’ என்பார்; ஆகவே அன்றைக்கு ஃபைல் யார் மேஜையில் இருந்தது என்பதைப் பதிவேட்டோடு கைப்பற்ற வேண்டும். வழக்குத் தொடர அனுமதி தந்த மேலதிகாரி ஆவணங்களைப் படித்துத்தான் தந்தாரா, டைப் செய்து வந்ததில் கையெழுத்துப் போட்டாரா என்று கூண்டில் கேட்பார்கள்.

குற்றச்சாட்டு வனைவதிலேயே கோட்டைவிடுவதும் உண்டு. திண்டுக்கல் லஞ்ச ஒழிப்புப் பிரிவின் ஒரு வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம் விடுதலை தந்தபோது, கேட்டது எப்போது என்பதே குற்றச்சாட்டில் தெளிவாக இல்லை என்று சுட்டிக்காட்டியது.

*

ஒப்பீட்டுக்கு, அமெரிக்காவில் 2024 ஜூனில் ஸ்னைடர் வழக்கு. இந்தியானாவில் ஒரு சிறு நகர மேயர், லாரி கம்பெனிக்கு ஒப்பந்தம் கொடுத்த பிறகு 13,000 டாலர் வாங்கினார். வேலைக்குப் பிறகு தரும் வெகுமதியை அவர் மீது பாய்ந்த கூட்டாட்சி லஞ்சச் சட்டம் தொடாது என்று அவர்களுடைய உச்ச நீதிமன்றம் பெரும்பான்மையில் சொல்லிவிட்டது. நம் சட்டம் அந்த வாசலைத் திறந்து போடவில்லை. முறைகேடாகச் செய்த வேலைக்குப் பின்னால் வாங்கும் வெகுமதியும் பிரிவு 7-க்குள் வருகிறது. எழுத்தில் நம் சட்டம் வலுவானது. நடைமுறையில்தான் நொண்டுகிறது.

*

விசாரணையை இரண்டு ஆண்டுக்குள் முடிக்க முயல வேண்டும், நீட்டித்தாலும் சாதாரணமாக மொத்தம் நான்கைத் தாண்டக் கூடாது என்று 2018 திருத்தம் சொல்கிறது. இதை யாராவது சத்தமாகக் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

வினோத் குமார் வழக்கு, பஞ்சாப், 2015. இதுவும் பொறி வழக்குதான். ஒரு முக்கிய சாட்சி முதல் விசாரணையில் அரசுத் தரப்புக்கு முழுதாகச் சொன்னார். குறுக்கு விசாரணையைத் தள்ளிவைத்தார்கள். ஏறத்தாழ 20 மாதம். திரும்பி வந்தபோது அவர் வேறு ஆள். சொன்னதெல்லாம் இல்லை என்றார். தண்டனை நின்றது, ஆனால் நீதிபதி தீபக் மிஸ்ரா அமர்வு கடுமையாக வருந்தி எழுதியது. முதல் விசாரணை முடிந்த அன்றே, முடியாவிட்டால் மறுநாளே, குறுக்கு விசாரணை நடக்க வேண்டும் என்றது. தீர்ப்பின் நகலை உயர் நீதிமன்றங்களுக்கு அனுப்பவும் சொன்னது. புதுச் செலவு ஒரு பைசா கிடையாது. சிறப்பு நீதிமன்றமும் அரசு வக்கீலும் இந்த ஒன்றைப் பிடிவாதமாகச் செய்தால் பல வழக்குகள் பிழைக்கும்.

*

புகார் கொடுக்க நினைப்பவர்களுக்காக, என்னிடம் கேட்டவர்களுக்குச் சொல்வதை எழுதி வைக்கிறேன். பணம் கொடுப்பதற்கு முன்னால் போங்கள். போலீஸுக்குச் சொல்லிவிட்டுக் கொடுப்பவரைச் சட்டம் குற்றவாளியாக்காது. மிரட்டிக் கட்டாயப்படுத்தி வாங்கிவிட்டார்கள் என்றால் ஏழு நாளுக்குள் சொல்லிவிட வேண்டும். அதைத் தாண்டினால் 2018-க்குப் பிறகு கொடுத்தவரும் மாட்டிக்கொள்வார். விண்ணப்பத்தின் ஒப்புகைச் சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். அலுவலகத்துக்குப் போன ஒவ்வொரு தேதியையும், யார் என்ன சொன்னார் என்பதையும், அன்று ராத்திரியே ஒரு நோட்டில் உங்கள் பேச்சிலேயே எழுதுங்கள். கூண்டில் ஏறும் முன் அந்த நோட்டை எடுத்து ஒரு தடவை படியுங்கள். முடிந்தால் கூட ஒருவரை அழைத்துப் போங்கள், சும்மா உட்கார்ந்திருந்தாலும் போதும். நெல்லைக்கோ எந்த நீதிமன்றத்துக்கோ சாட்சி சொல்லப் போகும் நாளிலும் யாராவது கூடப் போக வேண்டும். பிடிபட்ட அன்று டீக்கடையில் பேசிய நாற்பது பேரில் ஒருவர்.